மூன்றாம் வாசலின் வெந்நீர்

அக்டோபர் பாதியில் வெந்நீர் விட்டால் ஏப்ரல் பாதி வரைக்கும் அதை ஓடவிட்டுக்கொண்டே இருக்க வேண்டும். லுவான் யுஃபெங்கின் வேலை அவ்வளவுதான். சுரங்கம் மூடிய பிறகு பாதிப் பேர் ஊரைவிட்டுப் போய்விட்ட அந்த வடகிழக்குச் சீன ஊரில், ஆற்றுக்குத் தெற்கே இருந்த முப்பத்தொரு கட்டடங்களின் வெந்நீர்க் குழாய்கள் அவள் பொறுப்பு. கொதிகலனில் சூடான தண்ணீர் தெருவுக்கு அடியில் ஓடி, கட்டடத்தின் நிலவறைக்கு வந்து, மாடி மாடியாக ஏறி, ஒவ்வொரு வீட்டு ஜன்னலுக்குக் கீழேயும் இருக்கும் இரும்பு ரேடியேட்டருக்குள் நுழைந்து, சூட்டை இறக்கி வைத்துவிட்டுத் திரும்பிப் போகும். ஓடுகிற வரைக்கும்தான் அது வெந்நீர். எங்காவது நின்றுவிட்டால் கொஞ்ச நேரத்தில் பச்சைத் தண்ணீர். வெளியே மைனஸ் முப்பது அடிக்கிற நாளாக இருந்தால் அப்புறம் பனிக்கட்டி, அதற்கப்புறம் வெடித்த குழாய்.

யுஃபெங்குக்கு ஐம்பத்து மூன்று வயது. முப்பத்திரண்டு குளிர்காலங்களாக இதே வேலை. மற்றவர்கள் வெப்பமானியை எடுப்பதற்குள் அவள் கையுறையைக் கழற்றி, உள்ளே வரும் குழாயை ஒரு தடவை, வெளியே போகும் குழாயை ஒரு தடவை தொட்டுப் பார்த்துவிடுவாள். இரண்டும் சூடாக இருந்தால் தண்ணீர் ஓடுகிறது. மேலே சூடு, கீழே சில்லிப்பு என்றால் எங்கேயோ காற்று அடைத்திருக்கிறது, அல்லது துரு. அவ்வளவையும் கதவைத் திறந்தவர் திட்டி முடிப்பதற்குள் தெரிந்துகொள்வாள்.

திட்டு நிச்சயம் உண்டு.

"உங்க வெந்நீரை நம்பி மீனை சமையக்கட்டுல வெச்சேன். காலைல கல்லாட்டம் கெடக்கு."

"அக்கா, இந்தப் பெட்டி சூடு தருதா, இல்ல எங்க சூட்டை அது உறிஞ்சிக்குதா?"

யுஃபெங் காதில் போட்டுக்கொள்ளாமல் ரேடியேட்டரிடம் போவாள். ரேடியேட்டரை மறைத்து அழகுக்காக மரப்பெட்டி அடித்திருந்தால், "அடியில காத்து போக வழி விடுங்க. கீழ குளிர்ந்த காத்து புகுந்தாத்தான் மேல சூடான காத்து ஏறும்" என்பாள். திருகாணியைத் திருகிக் காற்றை எடுத்துவிடுவாள். பதிவேட்டில் கையெழுத்து வாங்குவாள். அடுத்த வீடு. ஒரு நாளைக்கு இருபது வீடு, இருபத்தைந்து வீடு. அத்தனை வீட்டுக்குள்ளும் அவள் போயிருக்கிறாள். யாருடைய கட்டில் எந்தச் சுவரோரம் இருக்கிறது என்றுகூடத் தெரியும். ஆனால் ஈரக் காலணியோடு வந்த குழாய்க்காரியை உட்காரச் சொல்ல யாருக்கும் தோன்றாது. அவளும் அதை எதிர்பார்த்ததில்லை.

அவள் புருஷன் பன்னிரண்டு வருஷத்துக்கு முன் தெற்கே ஹைனான் தீவுக்குச் சமையல் வேலைக்குப் போனான். முதல் இரண்டு புத்தாண்டுக்கு வந்தான். மூன்றாவது புத்தாண்டுக்கு டிக்கெட் கிடைக்கவில்லை என்றான். அதற்குப் பிறகு டிக்கெட் பேச்சையே எடுக்கவில்லை. அங்கே அவனுக்கு வேறொரு வீடு இருப்பதை யாரோ சொல்லி அறிந்துகொண்டாள். சண்டை போட ஆள் எதிரில் இல்லாததால் சண்டையும் நடக்கவில்லை. மகள் லின்லின் சிங்தாவ் நகரத்தில் கல்யாணமாகி இருக்கிறாள். ஒரு வருஷம் விடுப்பெடுத்து, ஒரு மாதம் இருக்கலாம் என்று அவளிடம் போனாள் யுஃபெங். அங்கே வெந்நீர் தரைக்கடியில் தானாக ஓடியது. யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை. மருமகன் மரியாதையாக, "அத்தை, நீங்க எதுவும் செய்ய வேணாம், ஓய்வெடுங்க" என்று தினமும் சொன்னான். இருபத்தெட்டாம் நாள் அவள் ரயில் ஏறிவிட்டாள்.

அவளுடைய முப்பத்திரண்டாவது குளிர்காலத்தில், நவம்பர் மாதம், பதினேழாம் எண் கட்டடத்தின் மூன்றாம் வாசலிலிருந்து புகார் வந்தது. கட்டடத்தின் நாலு வாசலுக்கும் தனித்தனிப் படிக்கட்டு; இதில் ஆறு மாடி, பன்னிரண்டு வீடு. கீழ்த்தளத்தில் கடைசியாக இருந்த தம்பதியும் அந்த மாதம் போய்விட்டிருந்தார்கள். மிச்சம் இருந்தது மேலே 601இல் ஹோ செங்லின் என்கிற ஒரே ஒரு ஆள். வயது அறுபத்தாறு. சுரங்கத்தில் காற்றோட்டப் பிரிவில் வேலை பார்த்தவர். மனைவி இறந்து நான்கு வருஷம். அவரைச் சுற்றி நாலு பக்கமும் காலி வீடுகள், எல்லாவற்றிலும் வெந்நீர் நிறுத்தப்பட்டிருந்தது. சுவர்களே பனி மாதிரி சில்லிட்டிருந்தன.

கதவைத் திறந்தவர் திட்டவில்லை. "படியேறி வந்திருக்கீங்க, முதல்ல உக்காருங்க தங்கச்சி" என்றார். யுஃபெங் பின்னால் திரும்பிப் பார்த்தாள், வேறு யாரிடமாவது சொல்கிறாரோ என்று.

அவர் ரேடியேட்டருக்கு நேரே ஒரு ஊதுபத்தியைப் பிடித்துக் காட்டினார். புகை ஜன்னலோரமாக நேராக மேலே போகாமல் சோம்பலாக வளைந்து கீழேயே விழுந்தது.

"சுரங்கத்துல முப்பது வருஷம் இப்படித்தான் காத்தைப் பாத்தேன். நல்ல சூடு இருந்தா புகை ஜன்னலோரம் ஏறும், கூரையோட போகும், அந்த எதிர்ச் சுவத்துல இறங்கும், தரையோட திரும்ப இங்க வரும். வீடு மூச்சு விடற மாதிரி. இப்ப பாருங்க, மூச்சே இல்ல."

அவள் தொழிலைப் பற்றி அவளிடம் ஒருவர் இப்படிப் பேசியது முதல் தடவை. அவள் திருகாணியைத் திருகினாள். உஸ்ஸென்று காற்று போனது, கறுப்புத் தண்ணீர் பிளாஸ்டிக் கோப்பையில் துப்பியது, பிறகு வெந்நீர் வந்தது. கால் மணியில் ஊதுபத்திப் புகை ஏறத் தொடங்கியது. இருவரும் சோபாவில் உட்கார்ந்து அது கூரையைச் சுற்றி எதிர்ச் சுவரில் இறங்குவதைப் பார்த்தார்கள். உறைந்த பேரிக்காய்களை அவர் இளகட்டும் என்று பச்சைத் தண்ணீரில் போட்டு வைத்திருந்தார். காயின்மேல் பனி ஓடு கட்டியதும் அதை உடைத்துவிட்டு ஒன்றை அவளிடம் நீட்டினார். அவள் ஓரத்தில் கடித்துச் சாற்றை உறிஞ்சினாள்.

காற்று மறுபடி அடைக்கும் என்பது அவளுக்குத் தெரியும். அந்த வாசலின் உச்சியில், எதிர் வீடான 602இல், குழாயிலிருந்து காற்றைத் தானாக வெளியேற்றும் சின்ன வால்வு ஒன்று உண்டு. அது துருப்பிடித்து நின்றிருக்க வேண்டும். 602காரர்கள் மூன்று வருஷத்துக்கு முன் வீட்டைப் பூட்டிச் சாவியை வெந்நீர் நிலையத்தில் கொடுத்துவிட்டுப் போயிருந்தார்கள். முதல் வாரம் அந்தச் சாவி நிஜமாகவே கிடைக்கவில்லை. அதனால் ஒருநாள் விட்டு ஒருநாள் போய்க் கையால் காற்றை எடுத்தாள். இரண்டாம் வாரம் இழுப்பறையின் அடியில் சாவி கிடைத்தது. கையெழுத்துப் போட்டு வாங்கிப் பையில் வைத்துக்கொண்டாள். அன்றைக்கு மாடியேறும்போது 602 கதவின் முன்னால் நின்றாள். இருபது நிமிஷ வேலை. முடித்துவிட்டால் 601இல் மணியடிக்கக் காரணம் இருக்காது.

இன்னிக்கு ஒரு நாள் போகட்டும் என்று 601இன் மணியை அடித்தாள்.

அந்த ஒரு நாள் நாலு வாரமானது. ஒருநாள் விட்டு ஒருநாள் மதியம் இரண்டரைக்கு அவள் வருவாள். பத்து நிமிஷம் வேலை, ஒரு மணி நேரம் உட்காருதல். அவர் சூரியகாந்தி விதையைக் கொறித்தபடி சுரங்கத்தைப் பற்றிச் சொல்வார். எந்தக் கதவை எவ்வளவு திறந்தால் எந்தச் சந்தில் காற்று ஓடும் என்பார். அவள் அதிகம் பேசமாட்டாள். ஒருநாள் மட்டும், கேட்காமலே, "எங்க வீட்டுக்காரர் ஹைனான்ல இருக்காரு. அங்க இந்தப் பெட்டியெல்லாம் கிடையாதாம்" என்றாள்.

"பாவம், உன்னை நினைச்சுக்க அங்க ஒரு சாமானும் இல்லாம போச்சு" என்றார் ஹோ. அவள் சிரித்துவிட்டாள். வீட்டுக்குப் போன பிறகும் அந்தச் சிரிப்பு முகத்தில் இருந்ததை, பல் தேய்க்கும்போது கண்ணாடியில் கண்டு அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது.

தான் என்ன செய்கிறோம் என்று தெரியாத அளவுக்கு அவள் அசடு இல்லை. காற்றை எடுத்த நாள் வீடு பத்தொன்பது டிகிரி இருக்கும். மறுநாள் காலையில் பதினான்கு. ஒரு மதியம் அவர் கட்டிலில் இரண்டு ரஜாயும் அதற்குமேல் பழைய சுரங்கக் கோட்டும் கிடப்பதைப் பார்த்தாள். இருமல் வேறு ஆரம்பித்திருந்தது. பைக்குள் கையை விட்டுச் சாவியைத் தொட்டாள். அதற்குள் அவர் தேநீரை ஊற்றி, "ஆறிடும், குடி" என்றார். நாளைக்குச் செய்துவிடலாம் என்று குடித்தாள்.

டிசம்பர் கடைசியில் ஒரு மதியம் கதவைத் திறந்த ஹோ உட்காரச் சொல்லவில்லை.

"காத்து எங்கேருந்து வருதுன்னு ரெண்டு நாளா யோசிச்சேன்" என்றார். "மூடின குழாய். ஒரு தடவை எடுத்தா ஒரு மாசமாவது தாங்கணும். அப்பன்னா உச்சில இருக்கற வால்வு செத்திருக்கணும். அது எதிர்வீட்டுல இருக்கு. கட்டடம் கட்டும்போது மாட்டினதை நானே பாத்தேன். நேத்து உங்க நிலையத்துக்குப் போன் போட்டேன். சாவி யார்கிட்ட இருக்கு, லுவான் மேஸ்திரி?"

தங்கச்சி போய் மேஸ்திரி ஆகிவிட்டது. யுஃபெங் பையிலிருந்து சாவியை எடுத்து மேஜைமேல் வைத்தாள்.

"எப்பலேருந்து வெச்சிருக்கீங்க?"

"நவம்பர் கடைசிலேருந்து."

"ஏன்?"

அவள் தன் காலணியிலிருந்து உருகி வழிந்த தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "இங்க உக்காரச் சொல்லுவீங்க" என்றாள்.

ஹோ இருமினார். இருமி முடிந்ததும் குரலை உயர்த்தாமலேயே சொன்னார். "உக்காரச் சொன்னவனைக் குளிர்ல வெச்சிருக்கீங்க. வான்னு சொன்னா வந்திருக்க மாட்டீங்களா? குழாய் கெட்டாத்தான் வருவீங்களா? நான் கோட்டுப் போட்டுக்கிட்டுத் தூங்கினேன். போங்க, போய் வேலையைப் பாருங்க."

அவள் 602க்குள் போனாள். சுவரில் மூன்று வருஷத்துக்கு முந்தைய நாட்காட்டி. வாசலில் இரண்டு ஜோடி செருப்பு யாரோ வரப்போகிற மாதிரி நேராக வைக்கப்பட்டிருந்தது. மூச்சு புகையாக வந்தது. ஸ்டூலில் ஏறி, துருவேறிய வால்வைக் கழற்றி, புதியதை மாட்டினாள். குழாய்க்குள் நீண்டதாக ஒரு கொப்பளிப்பு மேலேறி வந்து அடங்கியது. சுவருக்கு அந்தப் பக்கம் ஹோ வீட்டு ரேடியேட்டரில் தண்ணீர் விழுந்து ஓடும் சத்தம் நன்றாகக் கேட்டது. முடித்துக்கொண்டு வெளியே வந்தபோது 601 கதவு சாத்தியிருந்தது. மணியடிக்காமல் இறங்கிப் போனாள்.

அதன்பின் 601இலிருந்து புகார் வரவில்லை. மற்ற எல்லா இடங்களிலிருந்தும் வந்தது. மதியம் இரண்டரை ஆனால் அவள் எங்கேயிருந்தாலும் வேலையை நிறுத்தி, கொண்டுவந்த புளிக்கவைத்த முட்டைக்கோஸ் டப்பாவைத் திறந்து அந்தக் கட்டடத்து நிலவறையில் பெரிய குழாயோரம் உட்கார்ந்து சாப்பிட்டாள். ஞாயிற்றுக்கிழமை மகள் வீடியோவில் குழந்தையைக் காட்டி, "அம்மா, ஏன் இளைச்சிட்டே?" என்றாள். "போன் அப்படிக் காட்டுது" என்றாள் யுஃபெங்.

ஜனவரி நடுவில், இரண்டு நாள் பனிப்புயல் ஓய்ந்த மறுநாள் காலை பதினொரு மணிக்கு, ஆற்றுக்குத் தெற்கே முழுக்க மின்சாரம் போனது. வெளியே மைனஸ் முப்பத்து மூன்று. பம்பு நின்றது, பம்போடு தண்ணீரும் நின்றது. நிலையத் தலைவர் துங் வெய் எல்லோருக்கும் போன் போட்டார். அவருக்கு வயது முப்பத்தெட்டு, நல்ல நாளில் நிறைய ஜோக் அடிப்பார்.

"லுவான் அக்கா, காலி வாசல்லாம் முதல்ல உறைஞ்சிடும். பதினேழுல நாலு வாசலையும் வடிச்சிடுங்க. தண்ணி இல்லாத குழாய் வெடிக்காது."

"மூணாம் வாசல்ல ஆள் இருக்காரு."

"ஒரு ஆள்தானே? சமூகக் கூடத்துல கட்டில் போடறோம். வடிச்சிட்டா ஏப்ரல் வரைக்கும் திரும்ப நிரப்ப வேணாம். ஒருத்தருக்காக யாரு நிரப்பறது?"

வடிப்பதற்கு இரண்டு பேர் வேண்டும். கீழே நிலவறையில் ஒருவர் திறந்துவிட்டால் மட்டும் போதாது. உச்சியில் காற்று புக வழி இல்லாவிட்டால் தண்ணீர் குழாயிலேயே தொங்கிக்கொண்டு நிற்கும். உடன் அனுப்ப ஆள் இல்லை என்று துங் வெய் முன்பே சொல்லிவிட்டார்.

யுஃபெங் ஆறு மாடி ஏறி 601 கதவைத் தட்டினாள். கோட்டுப் போட்டுக்கொண்டே கதவைத் திறந்த ஹோ, அவள் முகத்தையும் கையிலிருந்த சாவிக் கொத்தையும் பார்த்தார்.

"பம்பு நின்னுடுச்சுண்ணே. வடிக்கணும். மேல ஒரு ஆள் வேணும்."

"என்ன செய்யணும்னு சொல்லு."

"நான் கீழ போய்க் குழாயை மூணு தட்டு தட்டுவேன். நீங்க வால்வைத் திறந்துட்டு மூணு தட்டுங்க. காத்து உள்ள இழுக்கற சத்தம் கேக்கும். அது நின்னதும் ரெண்டு."

"சுரங்கத்துலயும் இப்படித்தான் பேசிப்போம்" என்றார். கை நீட்டிச் சாவிக் கொத்தை வாங்கிக்கொண்டார்.

நிலவறை இருட்டில், நெற்றி விளக்கோடு முழங்கால் போட்டு உட்கார்ந்து ஸ்பானரால் குழாயை மூன்று தட்டு தட்டினாள். ஆறு மாடிக்கு மேலிருந்து இரும்பு வழியாக மூன்று தட்டல் இறங்கி வந்தது. தண்ணீர் சாக்கடையில் ஆவி பறக்கக் கொட்டியது. இன்னும் இளஞ்சூடு இருந்தது. இரண்டு தட்டல் வந்ததும் மூடினாள். பிறகு முதல் வாசல், இரண்டாம் வாசல், நாலாம் வாசல். ஒவ்வொன்றிலும் ஹோ ஆறு மாடி ஏறினார். நாலாம் வாசலில் பதில் வர வெகு நேரமானது. கடைசிப் படிகளில் உட்கார்ந்து உட்கார்ந்து ஏறினார் என்று பிறகு தெரிந்தது. காத்திருந்த நேரம் முழுக்க அவள் குழாயில் காதை வைத்திருந்தாள். தட்டல் வந்தபோது, யாரும் பார்க்காத அந்த இருட்டில், குழாயில் நெற்றியை வைத்துக்கொண்டாள்.

நாலு மணிக்குச் சற்று முன் மின்சாரம் வந்தது. துங் வெய் மறுபடி அழைத்தார். வடித்த மற்ற மூன்று வாசலும் அப்படியே இருக்கட்டும் என்றாள் அவள். "மூணாம் வாசலை மட்டும் நிரப்பறேன்."

"அக்கா, நான் சொன்னது காதுல விழலையா?"

"விழுந்துச்சு. ஆள் என்கூட இருக்காரு. நிரப்பிட்டு வரேன்."

"நீங்க நிலையத் தலைவரா, நானா?"

"நீங்கதான். மூணு தட்டு கேட்டுச்சு, வெக்கறேன்" என்று போனை வைத்தாள். உண்மையில் தட்டல் எதுவும் கேட்கவில்லை. அதற்குப் பிறகுதான் அவளே தட்டினாள்.

நிரப்ப ஒரு மணி நேரம் பிடித்தது. வேகமாக விட்டால் வழியிலேயே காற்று சிக்கிக்கொள்ளும். முடித்து மேலே போனபோது ஹோ 602இன் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். உதடு நீலமாக இருந்தது. அவளும் பக்கத்துச் சுவரில் சாய்ந்து நின்றாள்.

"அன்னிக்கு உங்களைக் குளிர்ல வெச்சது தப்புதாண்ணே" என்றாள்.

"தப்புதான்" என்றார் ஹோ. கொஞ்ச நேரம் கழித்து, "எனக்கும் சந்தேகம் முதல் வாரமே வந்திருக்கணும். கேக்கத் தோணல" என்றார்.

அந்தக் குளிர்காலத்தின் மிச்ச நாட்களில் அவள் மூன்று முறை போனாள், கருவிப் பை இல்லாமல். மூன்று முறையும் என்ன பேசுவதென்று தெரியாமல் இருவரும் கொஞ்சம் திண்டாடினார்கள். குழாய் கெட்டிருந்தபோது பேச்சு தானாக வந்தது.

ஏப்ரலில் பதினேழாம் எண் போல ஆள் குறைந்த கட்டடங்களை மூடுவதாக நகராட்சி அறிவித்தது. அங்கொருவர் இங்கொருவராக இருந்தவர்களை ஆற்றுக்கு வடக்கே, நிறைய பேர் இருக்கும் கட்டடங்களுக்கு மாற்றினார்கள். ஹோவுக்கு இரண்டாம் மாடியில் வீடு கிடைத்தது. ஜூனில் யுஃபெங் பஸ் பிடித்து அங்கே போனாள். அறை நிறைய ஆட்கள் சீட்டாடிக்கொண்டிருந்தார்கள். ஹோவின் முகம் மலர்ந்தது.

"என் தங்கச்சி. குழாய் வேலை" என்று அறிமுகப்படுத்தினார்.

"யாரு, உன்னைக் குளிர்ல விட்ட தங்கச்சியா?" என்றார் ஒரு கிழவர், சீட்டிலிருந்து கண்ணை எடுக்காமல். எல்லோரும் சிரித்தார்கள். ஹோவும் சிரித்தார். யுஃபெங்கும் சிரித்தாள். அரை மணி நேரம் உட்கார்ந்து, தெரியாத ஆட்டத்தைப் பார்த்துவிட்டுக் கிளம்பினாள். ஹோ கீழ்வாசல் வரை வந்து, "அடிக்கடி வா" என்றார். கோடை முழுக்க அவள் போகவில்லை. வடக்கே இருக்கும் குழாய்களை வேறு ஆட்கள் பார்த்துக்கொண்டார்கள்.

அக்டோபரில் வெந்நீர் விட்ட மூன்றாம் நாள், ஒன்பதாம் கட்டடத்துப் படியில் நின்றிருந்தபோது ஹோவிடமிருந்து போன் வந்தது.

"சூடு நல்லா வருது" என்றார்.

"சரிண்ணே. என்ன பிரச்சினை?"

"பிரச்சினை ஒண்ணுமில்ல. நல்லா வருதுன்னு சொல்லத்தான் கூப்பிட்டேன். உன் வீட்ல எப்படி?"

மூன்று நாளாக இருட்டிய பிறகே வீட்டுக்குப் போய்ப் போர்த்திக்கொண்டு படுத்திருந்தாள். "பாக்கலண்ணே" என்றாள்.

"குழாய்க்காரி வீட்டை யாரு பாப்பா? போய்ப் பாத்துட்டுச் சொல்லு."

சாயங்காலம் வீட்டில் விளக்கைப் போட்டுப் படுக்கையறை ரேடியேட்டரைத் தொட்டாள். மேலே வெதுவெதுப்பு, கீழே சில்லென்று இருந்தது. கோப்பையை எடுத்து வந்து மண்டியிட்டுத் திருகினாள். கறுப்பாகக் கொஞ்சம் துப்பியது, பிறகு சுட்டது. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து கொஞ்சம் கொஞ்சமாக இரும்பு சூடேறுவதைக் காத்திருந்து பார்த்துவிட்டு, அவரை அழைத்தாள். எடுக்க நேரமானது. பின்னால் சீட்டுக் கலைக்கும் சத்தமும் யாரோ யாரையோ ஏமாற்றுக்காரன் என்பதும் கேட்டது.

"காத்து அடைச்சிருந்துச்சுண்ணே. எடுத்துட்டேன்."

"பாத்தியா, சொன்னேன்ல. சரி, எனக்கு ஆட்டம் வந்துடுச்சு, வெக்கறேன். ஞாயித்துக்கிழமை வா, கத்துத் தரோம்."

போன் அடங்கியது. அறை மெல்லச் சூடானது. அவள் எழுந்து கோப்பைத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, ஒரு ஆளுக்கு வேண்டிய நூடுல்ஸுக்கு அடுப்பில் தண்ணீர் வைத்தாள்.